பிளம்பர் கூலி

பொறியியல் கல்லூரி விடுதியில் நான் இருந்த நாலு வருஷமும் பாட்டு என்பது ஹார்டு டிஸ்க் வழியாக அறைக்கு அறை நகர்ந்த சமாச்சாரம். யாரிடம் எது இருக்கிறது என்று எல்லோருக்கும் தெரியும். நிர்வாணாவின் ‘நெவர்மைண்ட்’ எல்லோரிடமும் இருந்தது. அதற்கடுத்து வந்த ‘இன் யூடெரோ’ பாதிப் பேரிடம் இருந்தது. முழுசாகக் கேட்டவர்கள் அதிலும் பாதி. எனக்கு அந்த ஆல்பத்தில் இரண்டே இரண்டு பாட்டுதான் பிடித்தது. ‘ஹார்ட்-ஷேப்ட் பாக்ஸ்’, ‘ஆல் அப்பாலஜீஸ்’. மற்றதெல்லாம் காதில் மணலைக் கொட்டியது மாதிரி இருந்தது. பாடுகிறவர் பக்கத்து அறையில் நின்று கத்துகிறார், ட்ரம்ஸ் மட்டும் நம் மேஜைமேல் ஏறி உட்கார்ந்திருக்கிறது. ரெக்கார்டிங் சரியில்லை என்று முடிவுகட்டி விட்டுவிட்டேன்.

பல வருஷம் கழித்துத்தான் ஒரு விஷயம் தெரிந்தது. அந்த ஆல்பத்தின் பன்னிரண்டு பாட்டுகளில் இரண்டை மட்டும், வெளியீட்டுக்கு முன்னால், வேறு ஒருவரை வைத்து மறுபடியும் மிக்ஸ் செய்திருக்கிறார்கள். எந்த இரண்டு என்று சொல்ல வேண்டியதில்லை. என் காது குறி தவறாமல் போய் அவற்றில்தான் நின்றிருக்கிறது. இதில் எனக்குச் சிரிப்பும் வந்தது, கொஞ்சம் வெட்கமாகவும் இருந்தது. ஏன் வெட்கம் என்று சொல்வதற்கு ஒரு கடிதத்திலிருந்து ஆரம்பிக்க வேண்டும்.

அந்த ஆல்பத்தைப் பதிவு செய்த ஸ்டீவ் ஆல்பினி, வேலையை ஏற்றுக்கொள்ளும் முன் இசைக்குழுவுக்கு எழுதிய கடிதம் அது. நான்கு பக்கம். 2013-இல் ஆல்பத்தின் இருபதாம் ஆண்டுப் பதிப்பு வந்தபோதுதான் நான் படித்தேன். வேலை எப்படி நடக்க வேண்டும் என்று அதில் வரிசையாகச் சொல்கிறார். ஓர் ஆல்பத்தைப் பதிவு செய்ய ஒரு வாரத்துக்கு மேல் ஆனால் யாரோ எங்கோ சொதப்புகிறார்கள் என்று அர்த்தம். இசைக்குழுதான் முதலாளி, கம்பெனிக்காரர்கள் தலையிடக் கூடாது. பதிவு செய்த நானே மிக்ஸும் செய்தால்தான் வேலை முழுமை. கடைசியில் சம்பளம். எனக்கு ராயல்டி வேண்டாம், பிளம்பருக்குக் கொடுப்பதுபோலக் கூலி கொடுங்கள் என்கிறார். செய்த வேலைக்கு, செய்த தரத்துக்கு, ஒரே தடவை.

இது பணிவு இல்லை. கணக்கு. ஆல்பம் 30 லட்சம் பிரதி விற்கும் என்று வைத்துக்கொண்டு, வழக்கப்படி ஒன்று அல்லது ஒன்றரை சதவீதம் வாங்கினால் தனக்குச் சுமார் 4 லட்சம் டாலர் வரும் என்று அவரே போட்டுக் காட்டுகிறார். அவ்வளவு பணத்தை வாங்கினால் எனக்குத் தூக்கம் வராது என்கிறார். பாட்டு எழுதியவர்கள் அவர்கள், வாசித்தவர்கள் அவர்கள், கேட்கிறவர்கள் காசு கொடுப்பது அவர்களுக்காக. ஆல்பம் ஓடினால் அவர்கள் பெயர், ஓடாவிட்டால் அவர்கள் தலையெழுத்து. நடுவில் நான் எதற்கு? கொத்தனார் வீட்டைக் கட்டி முடித்தபின் மாசா மாசம் வாடகையில் பங்கு கேட்டு வந்து நிற்பதில்லையே, அந்த நியாயம்தான்.

நம் ஊர் வாசகருக்கு இங்கே ஒரு சொல்லை விளக்கியாக வேண்டும். சினிமாவில் ‘தயாரிப்பாளர்’ என்றால் பணம் போடுகிறவர். ராக் இசையில் ‘புரொட்யூசர்’ கிட்டத்தட்ட இயக்குநர். எந்தப் பாட்டு சேர வேண்டும், எந்த டேக் நல்லது, கிட்டார் எத்தனை அடுக்கு, குரல் எவ்வளவு முன்னால் என்று தீர்மானிப்பவர். அதற்காக விற்பனையில் பங்கும் வாங்குகிறவர். ஆல்பினி தன்னை அப்படி அழைக்க விடமாட்டார். ‘பதிவு செய்தவர்’ என்று போட்டால் போதும், அதுகூட வேண்டாம் என்றாலும் சரி. அவருக்குப் பிடித்த சொல் எஞ்சினியர். படித்தது என்னவோ பத்திரிகைத் துறை, நார்த்வெஸ்டர்ன் பல்கலைக்கழகத்தில். படித்து எஞ்சினியர் ஆன எங்களில் பலரைவிட அந்தச் சொல்லை அவர்தான் மரியாதையாக வைத்திருந்தார் என்று எனக்குத் தோன்றுவதுண்டு.

சரி, நிர்வாணா ஏன் இந்த மனிதரிடம் போனது?

‘நெவர்மைண்ட்’ 1991 செப்டம்பரில் வந்தது. 1992 ஜனவரியில் மைக்கேல் ஜாக்சனின் ‘டேஞ்சரஸ்’ ஆல்பத்தைக் கீழே தள்ளிவிட்டு பில்போர்டு பட்டியலில் முதலிடத்துக்கு வந்தது. அதைப் பதிவு செய்தவர் பட்ச் விக், மிக்ஸ் செய்தவர் ஆண்டி வாலஸ். வாலஸின் கை பட்டதும் ட்ரம்ஸ் பெருத்தது, ஓரமெல்லாம் மழுங்கியது, வானொலியில் ஓடுவதற்குத் தோதாக ஒரு பளபளப்பு வந்தது. அந்தப் பளபளப்பு இல்லாமல் அத்தனை கோடிப் பேர் அந்த ஆல்பத்தைக் கேட்டிருப்பார்களா என்பது சந்தேகம்தான். ஆனால் கர்ட் கோபேனுக்கு அது உறுத்திக்கொண்டே இருந்தது. இது பங்க் ஆல்பம் மாதிரி இல்லை, நாங்கள் கிண்டலடித்த மினுக்கு ராக் குழுக்களின் ஆல்பம் மாதிரி இருக்கிறது என்கிற தொனியில் வெளிப்படையாகவே பேசினார்.

பணமும் ஒரு பக்கம் வேலையைக் காட்டியது. 1992-இல் கோபேன், பாடல் உரிமைத் தொகையைப் பிரிக்கும் விதத்தை மாற்றச் சொன்னார். இசைக்கு நான்கில் மூன்று பங்கும், வரிகளுக்கு முழுப் பங்கும் தனக்கு. அதுவும் ‘நெவர்மைண்ட்’ வெளியான நாளிலிருந்து கணக்கிட்டு. பாஸ் வாசித்த கிறிஸ்ட் நோவோசெலிச்சும் ட்ரம்ஸ் வாசித்த டேவ் க்ரோலும் கடைசியில் ஒத்துக்கொண்டார்கள். ஆனால் குழு அத்தோடு உடைந்திருக்க வேண்டியது. கோபேன் பக்கம் நியாயம் இல்லாமல் இல்லை, பெரும்பாலான பாட்டை எழுதியவர் அவர்தான். இருந்தாலும் மூன்று பேர் ஒரு அறையில் நின்று உருவாக்கிய ஒன்றை யாருடையது என்று பின்தேதியிட்டுப் பிரிக்கும்போது எதுவோ முறிந்துவிடுகிறது. ‘இன் யூடெரோ’வில் ‘சென்ட்லெஸ் அப்ரென்டிஸ்’ என்ற பாட்டுக்கு மட்டும் மூவர் பெயரும் இருக்கிறது. க்ரோல் கொண்டுவந்த ஒரு கிட்டார் துண்டிலிருந்து அது வளர்ந்தது. ஆல்பத்திலேயே மூன்று பேரும் ஒருவரையொருவர் இடித்துக்கொண்டு ஓடுகிற பாட்டும் அதுதான் என்பேன்.

இப்படிப் பங்குப் பேச்சில் அடிபட்டு வந்த குழுவின் கையில்தான் ‘எனக்குப் பங்கு வேண்டாம்’ என்கிற கடிதம் போய்ச் சேர்ந்தது. ஆல்பினி பதிவு செய்த பிக்ஸீஸ் குழுவின் ‘சர்ஃபர் ரோசா’ (1988) கோபேனின் மனதுக்கு மிக நெருக்கமான ஆல்பங்களில் ஒன்று. ஆல்பினிக்கோ நிர்வாணா மேல் பெரிய அபிப்பிராயம் கிடையாது. பாவம், கம்பெனியிடம் மாட்டிக்கொண்ட பையன்கள், கை கொடுக்கலாம் என்ற எண்ணத்தில்தான் ஒத்துக்கொண்டார்.

1993 பிப்ரவரி. மினசோட்டா மாநிலத்தில் கேனன் ஃபால்ஸ் என்ற சிற்றூருக்கு வெளியே, காட்டுக்குள், பேச்சிடெர்ம் என்ற ஸ்டுடியோ. தங்குவதற்கு வீடும் உண்டு. சுற்றிலும் பனி. கம்பெனி ஆட்கள் எட்டிப்பார்க்க மாட்டார்கள். முன்பதிவுகூட சைமன் ரிச்சி என்ற பெயரில். செக்ஸ் பிஸ்டல்ஸ் குழுவின் சிட் விஷஸுக்கு வீட்டில் வைத்த பெயர் அது. இரண்டு வாரத்துக்குள் எல்லாம் முடிந்தது. மூன்று பேரும் சேர்ந்தாற்போல் வாசித்ததை அப்படியே டேப்பில் ஏற்றினார்கள். பெரும்பாலான பாட்டுகளின் குரலை கோபேன் ஒரே நாளில் பாடி முடித்தார். மிக்ஸ் ஐந்து நாள். ஸ்டுடியோ செலவு 24,000 டாலர்.

ஆல்பினியின் வேலைமுறை எனக்கு நன்றாகப் புரிகிற இடம் மைக்குகள்தான். க்ரோலின் ட்ரம்ஸைச் சுற்றி முப்பதுக்கும் மேற்பட்ட மைக்குகளை வைத்தார். பக்கத்தில் மட்டும் இல்லை; தள்ளி, அறையின் மூலைகளிலும். பதிவானது ட்ரம்ஸ் மட்டுமல்ல, ட்ரம்ஸ் அடிக்கப்பட்ட அறையும் சேர்த்து. ஒரு குச்சி தோலில் படும் ஓசை பக்கத்து மைக்குக்கு உடனே போய்ச் சேரும். பத்தடி தள்ளியிருக்கும் மைக்குக்குக் கிட்டத்தட்ட ஒன்பது மில்லிசெகண்ட் கழித்துப் போய்ச் சேரும். அந்த இடைவெளியை வைத்துத்தான் நம் மூளை ‘இது இவ்வளவு பெரிய அறை’ என்று அளக்கிறது. இதைப் பிற்பாடு ஒரு கருவியால் போலியாகச் சேர்க்கவும் முடியும், எல்லோரும் சேர்த்தார்கள். ஆல்பினிக்கு அது பிடிக்காது. அறை இருக்கும்போது அறையின் படம் எதற்கு? ‘வெரி ஏப்’ போன்ற பாட்டுக்கு அறையின் ஒலி போதவில்லை என்று ட்ரம்ஸைத் தூக்கிக்கொண்டு போய் சமையலறையில் போட்டார்கள்.

குரலைப் பற்றியும் அவருக்கு ஒரு கொள்கை இருந்தது. நாலு பேர் ஒரு அறையில் வாசிக்கும்போது பாடுகிறவரின் குரல் மற்ற எல்லாவற்றுக்கும் மேல் தெய்வ வாக்கு மாதிரி மிதக்காது. அது இன்னொரு வாத்தியம். அதனால் மிக்ஸில் குரல் சற்று உள்ளடங்கியிருக்கும். விடுதி அறையில் எனக்கு ‘பக்கத்து அறையில் கத்துகிறார்’ என்று பட்டது இதுதான். குறை என்று நான் நினைத்தது ஒரு மனிதர் யோசித்து எடுத்த முடிவு.

டேப்புகள் ஊருக்குத் திரும்பியதும் சண்டை தொடங்கியது. கெஃபன் நிறுவனத்துக்கும் மேலாளர்களுக்கும் கேட்டது பிடிக்கவில்லை. 1993 ஏப்ரலில் சிகாகோ ட்ரிப்யூன் பத்திரிகையில், இந்த ஆல்பத்தைக் கம்பெனி வெளியிடும் என்று எனக்குத் தோன்றவில்லை என ஆல்பினி சொல்லிவிட்டார். அடுத்த மாதம் நியூஸ்வீக் அதை எடுத்து ஊதியது. தங்களை யாரும் நிர்ப்பந்திக்கவில்லை என்று குழு மறுப்பு எழுத, அது பில்போர்டு இதழில் முழுப்பக்க விளம்பரமாகவும் வந்தது. பெரிய கம்பெனி சின்னக் கலைஞனை நசுக்கியது என்று சுலபமாக எழுதிவிட்டுப் போகலாம், அப்படித்தான் பலரும் எழுதினார்கள். சிக்கல் என்னவென்றால், நாள் செல்லச் செல்ல கோபேனுக்கே சந்தேகம் வந்துவிட்டது. குரல் போதவில்லை, பாஸ் தெளிவாக இல்லை. வீட்டில் கேட்கும்போது ஸ்டுடியோவில் வந்த சிலிர்ப்பு வரவில்லை.

எழுதிய நிரலை ஒரு வாரம் கழித்துத் திறந்து பார்க்கிற எவருக்கும் இந்த உணர்வு தெரியும். அன்றைக்கு ராத்திரி அது கவிதை. இன்றைக்கு யார் இதை எழுதியது என்று கேட்கத் தோன்றும்.

மாஸ்டரிங் கட்டத்தில் பாப் லட்விக் பெரும்பாலானதைச் சரிசெய்தார். பாஸ் எடுப்பாக வந்தது, குரல் கொஞ்சம் முன்னே வந்தது. மிச்சம் அந்த இரண்டு பாட்டு. மறுபடி மிக்ஸ் செய்யலாமா என்று ஆல்பினியிடமே கேட்டார்கள். இதைவிட நன்றாக என்னால் செய்ய முடியாது என்றுவிட்டார். ஆர்.இ.எம். குழுவின் ஆல்பங்களைச் செய்த ஸ்காட் லிட்டை அழைத்தார்கள். தன்னைக் கேட்காமல் மாற்றுவதில்லை என்று பேச்சு இருந்ததே என ஆல்பினி முதலில் டேப்பைத் தர மறுத்தார். நோவோசெலிச் தொலைபேசியில் பேசியபின் கொடுத்துவிட்டார். ‘ஹார்ட்-ஷேப்ட் பாக்ஸ்’ கிட்டார் தனி ஆவர்த்தனத்தில் இருந்த அலையடிக்கும் எஃபெக்டை நோவோசெலிச்சால் சகிக்கவே முடியவில்லை; அது போயிற்று. கோபேன் ஒத்துக்குரலும் அக்கூஸ்டிக் கிட்டாரும் புதிதாகச் சேர்த்தார்.

இங்கேதான் கடிதத்தின் தர்க்கம் அதை எழுதியவரையே பிடித்துக்கொள்கிறது. பொருள் உங்களுடையது, நான் கூலியாள் என்று சொன்னவர் அவர். முதலாளி வந்து ‘இந்த இரண்டு குழாயை மட்டும் வேறு ஆளை வைத்து மாற்றிக்கொள்கிறேன்’ என்றால் பிளம்பர் என்ன சொல்ல முடியும்? டேப்பைத் தர மறுத்த அந்தக் கொஞ்ச நேரம் ஆல்பினி பிளம்பராக இல்லை. அந்த மறுப்பை நான் பலவீனமாகப் பார்க்கவில்லை. வேலையில் சேர்ந்த முதல் நாள், இங்கே நீ எழுதும் எதுவும் உன்னுடையது இல்லை என்கிற தாளில் நானும்தான் கையெழுத்துப் போட்டேன். படித்துப் பார்க்கக்கூட இல்லை. அப்புறம் எட்டு மாசம் பார்த்துப் பார்த்துச் செய்த ஒன்றை வேறு குழு வந்து கலைத்தபோது இரண்டு நாள் சாப்பாடு இறங்கவில்லை. சட்டப்படி எனக்கு அதில் ஒரு வரிகூடச் சொந்தமில்லை. சொந்தம் என்கிற சொல் சட்டத்துக்குத் தெரிந்ததைவிடக் கொஞ்சம் பெரியது போலிருக்கிறது.

ஆல்பம் 1993 செப்டம்பரில் வந்தது. முதல் வாரத்திலேயே சுமார் 1,80,000 பிரதி விற்று பில்போர்டில் முதலிடம். வால்மார்ட்டும் கே-மார்ட்டும் விற்க மறுத்தன. பின்னட்டையில் கோபேன் அடுக்கியிருந்த கருச்சிசுப் பொம்மைகளும் ஒரு பாட்டின் பெயரும் காரணம். 1994 மார்ச்சில் அட்டையை மாற்றி, பாட்டின் பெயரையும் திருத்தி, அந்தக் கடைகளுக்கென்று ஒரு பதிப்பு போட்டார்கள். கொள்கையை விற்றுவிட்டார் என்று கோபேனைத் திட்டியவர்கள் உண்டு. அவர் பக்கத்திலிருந்து சொல்லப்பட்ட காரணம் எனக்குப் பிடித்தமானது: அவரும் நோவோசெலிச்சும் சிறுவர்களாக இருந்தபோது இசைத்தட்டு வாங்க அவர்களுக்கு அந்த மாதிரிக் கடைகளை விட்டால் வேறு கதி இருந்ததில்லை. அடுத்த மாதம், ஏப்ரல் 5 அன்று, அவர் தன்னைத்தானே மாய்த்துக்கொண்டார். இருபத்தேழு வயது. அதன்பிறகு அந்த ஆல்பத்தை யாராலும் வெறும் ஆல்பமாகக் கேட்க முடியவில்லை. ஒவ்வொரு வரியையும் வாக்குமூலம் மாதிரி தோண்டினார்கள். கூலி, மிக்ஸ், மைக் இதையெல்லாம் பேச நாதியில்லாமல் போயிற்று.

ஆல்பினிக்குக் கிடைத்தது 1 லட்சம் டாலர், ஒரே தடவை. இரண்டு வார வேலைக்கு எந்தப் பிளம்பரும் அவ்வளவு வாங்கியிருக்க மாட்டார் என்பதையும் சொல்லிவிட வேண்டும். உதாரணம் அழகாக இருந்தாலும் ரசீது ரசீதுதான். ஆனால் அமெரிக்காவில் மட்டும் ஆல்பம் 50 லட்சத்துக்குக் குறையாமல் போயிருக்கிறது. அவரே போட்ட கணக்கை நீட்டினால், வேண்டாம் என்று விட்டது வாங்கியதைப்போல ஆறேழு மடங்காவது இருக்கும். அதற்குமேல் தண்டனையும் கிடைத்தது. பெரிய கம்பெனிகள் அவரை ஒதுக்கின. சின்னக் குழுக்கள், நிர்வாணாவைச் செய்தவர் நமக்குக் கட்டுப்படியாக மாட்டார் என்று தயங்கின. ஏறக்குறைய ஒரு வருஷம் வேலையே இல்லாமல் திவால் விளிம்புவரை போனதாகப் பின்னாளில் சொல்லியிருக்கிறார்.

அதே 1993-இல் ‘த பேஃப்ளர்’ இதழில் அவர் எழுதிய கட்டுரை ஒன்று இன்றும் இசைக்காரர்கள் கையில் சுற்றுகிறது. ஒரு கற்பனைக் குழு பெரிய கம்பெனியோடு ஒப்பந்தம் போடுகிறது, இரண்டரை லட்சம் பிரதி விற்கிறது. வரவு செலவை வரி வரியாகப் போட்டுக்கொண்டே வருகிறார். கம்பெனிக்கு 7,10,000 டாலர். புரொட்யூசருக்கு 90,000. குழுவில் வாசித்த ஒவ்வொருவருக்கும் 4,031 டாலர் 25 சென்ட். பெட்டிக்கடையில் நின்றிருந்தால் இதைப்போல மூன்று மடங்கு சம்பாதித்திருப்பார்கள் என்று முடிகிறது கணக்கு. அந்த 25 சென்ட்டைச் சேர்த்துப் போட்டிருக்கிறார் பாருங்கள், அதில் தெரிகிறது ஆளின் கோபம்.

அவரை மகான் ஆக்கும் உத்தேசம் எனக்கு இல்லை. எண்பதுகளின் இறுதியில் தன் குழு ஒன்றுக்கு வன்புணர்வை விளையாட்டாக்குகிற பெயரை வைத்தவர். பிறரைப் புண்படுத்துவதை ஒரு கலையாகவே செய்துகொண்டிருந்தவர். கடைசி வருடங்களில் அதையெல்லாம் சாக்குச் சொல்லாமல் தவறு என்று ஒப்புக்கொண்டார். பணத்தில் இருந்த நேர்மை வாயில் வருவதற்கு முப்பது வருஷம் ஆனது.

1997-இல் சிகாகோவில் ‘எலெக்ட்ரிகல் ஆடியோ’ என்று சொந்த ஸ்டுடியோ கட்டினார். ஊர்பேர் தெரியாத குழுவானாலும் யார் வேண்டுமானாலும் தொலைபேசியில் அழைத்து நாள் கூலி பேசி வரலாம். டேப்பில்தான் பதிவு. கணினிக் கோப்பின் வடிவம் பத்து வருஷத்தில் செத்துவிடும், டேப் இருக்கும் என்பது அவர் வாதம். தொழில்முறையில் நான் இதை மறுக்க வேண்டியவன். ஆனால் என் பழைய ஹார்டு டிஸ்க்குகளில் இரண்டு இன்று திறப்பதே இல்லை. பேச்சிடெர்மில் பதிந்த டேப்புகளை 2013-இல் எடுத்து ஓட்டியபோது எல்லாம் அப்படியே இருந்தது.

அந்த இருபதாம் ஆண்டுப் பதிப்புக்காக ஆல்பினி, க்ரோலும் நோவோசெலிச்சும் உடனிருக்க, ஆல்பம் முழுவதையும் புதிதாக மிக்ஸ் செய்தார். 1993-இல் ஒதுக்கிவைக்கப்பட்ட அவருடைய பழைய மிக்ஸ்கள் இரண்டும் அதில் சேர்ந்தன. ஹெட்ஃபோனைப் போட்டுக்கொண்டு லிட் செய்ததையும் ஆல்பினி செய்ததையும் மாற்றி மாற்றிப் பல தடவை கேட்டேன். ‘ஹார்ட்-ஷேப்ட் பாக்ஸ்’ விஷயத்தில் நோவோசெலிச் சொன்னது சரி. அந்த அலையடிப்பு எரிச்சல்தான். ‘ஆல் அப்பாலஜீஸ்’ வேறு மாதிரி. லிட்டின் கையில் அது மெழுகுவர்த்தி வெளிச்சத்தில் பாடிய பாட்டு. ஆல்பினியின் மிக்ஸில் அறை பெரிதாக இருக்கிறது, செல்லோ ஓரமாகத் தேய்கிறது, பாடுகிறவர் நம்மிடம் பாடவில்லை. பத்து வருஷத்துக்கு முன் நான் கேட்டிருந்தால் ரெக்கார்டிங் சரியில்லை என்றிருப்பேன்.

2024 மே 7 அன்று, 61 வயதில், தன் ஸ்டுடியோவிலேயே மாரடைப்பில் ஆல்பினி இறந்தார். அவருடைய ஷெல்லாக் குழுவின் புதிய ஆல்பம் அடுத்த பத்தாவது நாளில் வந்தது. எலெக்ட்ரிகல் ஆடியோவை அங்கே வேலை பார்த்தவர்கள் தொடர்ந்து நடத்துகிறார்கள். இப்போதும் நாள் வாடகைதான்.